கும்பினியின் கடலில் பேசின் பிரிட்ஜ்

பல உலகங்களுக்கு நடுவே போய்வந்து வரைபடம் போடும் கம்பெனி ஒன்று மாயக்கதைகளில் அடிக்கடி வருகிறது. அதனிடம் படை உண்டு, கஜானா உண்டு, ஓர் உலகத்திலிருந்து இன்னோர் உலகத்துக்குப் போகிற கதவுகளின் சாவியும் உண்டு. அது தாளில் ஏற்றாத உலகத்துக்குள் யாரும் நுழைய முடியாது. அது அழித்துவிட்ட உலகத்தில் இருப்பவர்கள் சோறு பொங்கிக்கொண்டும் பிள்ளையைக் குளிப்பாட்டிக்கொண்டும் இருக்கும்போதே இல்லாமல் போவார்கள். இதை வாசிக்கிற இளைஞர்களுக்கு வியப்பு வர வேண்டும் என்றுதான் எழுதுகிறவர் நினைத்திருப்பார். எனக்கு வருவது சங்கடம். வெகுநாளாகக் கூடவே இருக்கிறது. இன்னது நடந்ததால் வந்தது என்று காட்டவும் முடியவில்லை. எழுத்தாளர் மெனக்கெட்டு ஜோடித்த அந்தக் கம்பெனிக்கு இந்தச் சென்னையில் கோட்டை இருந்தது, நாணயச் சாலை இருந்தது, நட்சத்திரம் பார்க்க ஓர் ஆய்வகம் இருந்தது. கிழக்கிந்தியக் கம்பெனி. பாட்டன் பூட்டன் காலத்தில் கும்பினி என்று கூப்பிட்டார்கள். உலகங்களுக்கு நடுவே ஒரு கதவு என்று படிக்கும்போது என் மனசுக்கு வருகிற இடம் பேசின் பிரிட்ஜ்.

சென்ட்ரலுக்கு வருகிற வண்டி அங்கே பெரும்பாலும் நின்றுவிடும். கூடூர்ப் பாதையும் அரக்கோணப் பாதையும் ராயபுரம் பக்கத்துப் பாதையும் ஒன்றோடொன்று பின்னிக்கொள்கிற இடம். பெட்டி படுக்கையை இறக்கி வைத்துக்கொண்டு வாசலில் நெருக்கியடித்து நிற்கிற கூட்டம், "பேசின் பிரிட்ஜ்ல நிக்குது, தோ வந்துட்டோம்" என்று போனில் சொல்லும். அந்த 'தோ' கால் மணியும் ஆகும், முக்கால் மணியும் ஆகும். சன்னலுக்கு வெளியே பெட்டிகளைக் கழுவுகிற பிட் லைன், பினாயில் வாடை, எரிவாயு மின்நிலையத்துப் புகைபோக்கிகள், சுவரோரம் காயும் துணிகள், கீழே கால்வாய். நீர் கறுப்பு. அதன் மேல் கொப்புளம் கிளம்பி, சாவதானமாக உடையும். கையிலிருக்கிற போனைத் திறந்தால் அதே கால்வாய் இளநீலப் பட்டையாக ஓடுகிறது, குழந்தை வரைந்ததுபோல் சுத்தமாக. அந்த நீலம் எங்கிருந்து வந்தது, யார் யாருக்காகத் தீட்டியது என்ற கேள்வியில்தான் என் சங்கடம் ஒட்டிக்கொண்டிருக்கிறது. நீலம் பொய் என்று சொல்லவும் முடியாது. தண்ணீர் இருக்கிற இடத்தில்தான் நீலமும் இருக்கிறது.

பேசின் பிரிட்ஜில் பாலம் உண்டு, பேசின் கண்ணுக்குத் தென்படாது. 1801-இல் தொடங்கி 1806-இல் எண்ணூர்வரை வெட்டப்பட்டது அந்தக் கால்வாய். வெட்டியவர் பசில் காக்ரேன் என்ற வியாபாரி. முதலில் அவர் பெயர்தான் அதற்கு. 1876–78 பஞ்சத்தில் கூலிக்கு மண் சுமந்தவர்களைக் கொண்டு நீட்டியபின் கவர்னர் பக்கிங்காம் பெயர் வந்தது. உப்பும் விறகும் ஏற்றிவந்த படகுகள் ஒதுங்கி நிற்க இங்கே ஒரு துறைக்குளம். படகு போய், குளமும் போய், பெயர் ரயில் நிலையத்தின் மஞ்சள் பலகையில் தங்கிவிட்டது. இந்தப் பக்கத்தில் பெயர்களுக்கு ஆயுசு கெட்டி. பக்கத்திலேயே வால்டாக்ஸ் ரோடு. ஹைதர் அலியின் குதிரைப்படை வந்து மிரட்டிவிட்டுப் போனபின் கும்பினி கறுப்பர் பட்டணத்தைச் சுற்றி மதில் எழுப்பியது. செலவை உள்ளே இருக்கிறவர்களிடம் வரியாகக் கேட்கலாம் என்று நினைத்து, சட்டச் சிக்கலில் அந்த வரி வசூலாகவே இல்லை. மதிலில் மிஞ்சிய துண்டு ராயபுரத்தில் மாடிப் பூங்காவாக இருக்கிறது. வசூலாகாத வரியோ முழுசாகத் தெருவாக இருக்கிறது. இப்போது அதற்கு வ.உ.சி. சாலை என்று பெயர். வெள்ளைக்காரக் கப்பல் கம்பெனியை எதிர்த்துக் கப்பல் விட்டவர் பெயர்தான் பொருத்தம். ஆனாலும் ஆட்டோக்காரரிடம் சொல்லிப் பாருங்கள், "வால்டாக்ஸ் ரோடா சார்?" என்று திருப்பிக் கேட்டுவிட்டுத்தான் வண்டியைக் கிளப்புவார்.

கும்பினிக்கு வரைபடம் எப்போதும் பிடித்த சரக்குதான். 1710 வாக்கில், கவர்னர் தாமஸ் பிட் உத்தரவில் அளந்த பட்டணப் படத்தில் வெள்ளையர் பட்டணமும் கறுப்பர் பட்டணமும் கோட்டால் பிரிந்து நிற்கின்றன. 1794-இல் கோட்டைக்கு அருகே ஒரு சர்வே பள்ளிக்கூடம் திறந்தது. வெள்ளைச் சிப்பாய்க்கும் நம்மூர்ப் பெண்ணுக்கும் பிறந்து அநாதை இல்லத்தில் வளர்ந்த பையன்களைக் கொண்டுவந்து கோணம் அளக்கப் பழக்கினார்கள். எந்தப் பட்டணத்திலும் முழுசாகச் சேராத அந்தப் பையன்கள்தான் இன்றைய கிண்டி பொறியியல் கல்லூரிக்கு முதல் மாணவர்கள். இதை நினைக்கும்போதெல்லாம் மாயக்கதையில் கதவைத் திறக்கத் தெரிந்த இரண்டுங்கெட்டான் பிள்ளைகள் எனக்குத் தோன்றுவார்கள். பிறகு 1802 ஏப்ரல் 10-ஆம் தேதி, வில்லியம் லாம்டன் பரங்கிமலை அருகே முதல் அடிக்கோட்டை அளக்கத் தொடங்கினார். பரங்கிமலைப் பக்கமிருந்து தெற்கே பெரும்பாக்கம் குன்றை நோக்கி ஏழரை மைல். நூறடி எஃகுச் சங்கிலி. சீனச் சக்கரவர்த்திக்குக் காணிக்கையாகப் போய், அவர் வேண்டாமென்று திருப்பிவிட்ட சாமான்களில் ஒன்று அது. சித்திரை வெயிலில் எஃகு நீளும் என்பதால் சங்கிலியை மரப்பெட்டிகளில் கிடத்தி, மேலே கூடாரம் போட்டு, பக்கத்தில் வெப்பமானி வைத்து, மயிரிழை பிசகாமல் அளந்தார்கள். சங்கிலிக்கு நிழல் இருந்தது. அதைத் தூக்கி அடுத்த நூறடிக்கு வைத்த கூலியாட்கள் வெயிலில் நின்றார்கள். அந்த ஏழரை மைலின் மேல் முக்கோணம், அதன் மேல் இன்னொரு முக்கோணம் என்று அடுக்கிக்கொண்டே போய், லாம்டன் போய், எவரெஸ்ட் என்ற சர்வேயர் வந்து, இமயம்வரை ஏறி, ஒரு சிகரத்துக்கு எவரெஸ்டின் பெயரையே வைத்துவிட்டு வந்தது அந்த வேலை. அந்தக் கவனத்தைப் பார்த்துப் பொறாமைப்படுகிறேன். இவ்வளவு அக்கறையோடு நம்மை யாரும் பார்த்ததில்லை என்றுகூட ஒரு பலவீனமான நேரத்தில் தோன்றியிருக்கிறது. அந்த அக்கறை மண்ணின் மேல் இருந்தது, மண்ணின் மேல் நின்றவர்களின் மேல் இல்லை என்பது உடனே ஞாபகம் வந்துவிடும்.

இத்தனை துல்லியத்திலும் ஒரு வேடிக்கை நடந்தது. கிழக்கு மேற்காக ஓர் இடம் எங்கே இருக்கிறது என்று சொல்ல, நாடு முழுவதற்கும் தொடக்கப் புள்ளியாக நுங்கம்பாக்கத்து வானாய்வகத்தைக் கொண்டார்கள். 1792-இல் கட்டியது, அதன் கருங்கல் தூண், தமிழ்க் கல்வெட்டோடு, இன்றைய வானிலை அலுவலக வளாகத்தில் நிற்கிறது. கிரீன்விச்சிலிருந்து அந்த ஆய்வகம் எவ்வளவு கிழக்கே என்பதை வியாழனின் நிலாக்களையும் நம் நிலாவையும் பார்த்துக் கணக்கிட்டார்கள். கணக்கு சற்றுப் பிசகியது. சர்வே எடுத்துக்கொண்ட தீர்க்கரேகை உண்மையைவிடச் சுமார் இரண்டரை நிமிடக் கோணம் கூடுதல். தந்திக் கம்பி வழியே கிரீன்விச் நேரத்தோடு ஒப்பிட்டபின்தான் அது உறுதியாகி, இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் திருத்தம் வந்தது. கோணத்தில் இரண்டரை நிமிடம் என்றால் நம் பக்கத்தில் நிலத்தின் மேல் நாலு கிலோமீட்டருக்குச் சற்று அதிகம். ஆக பல பத்தாண்டுகளுக்கு இந்தியா முழுவதும், காடும் கோயிலும் கச்சேரியும், தாளில் நாலு கிலோமீட்டர் கிழக்கே தள்ளி நின்றது. அந்தக் காலத் தாளில் பேசின் பிரிட்ஜுக்கு இருக்கிற எண்ணை இன்றைய போனில் அடித்தால் புள்ளி நிலத்தில் விழாது. துறைமுகத்தை ஒட்டிய கடலில் விழும். வியாசர்பாடி அலைக்கு நெருக்கமாகப் போயிருக்கும், மூலக்கொத்தளமும் ராயபுரமும் முழுசாக மூழ்கியிருக்கும்.

இந்த வழுக்கல் யாரையும் எதுவும் செய்யவில்லை என்பதைத்தான் என்னால் தாண்டிப் போக முடியவில்லை. ஒரு பத்திரம் செல்லாமல் போகவில்லை, ஒரு பட்டா மாறவில்லை, ஒரு வண்டி தடம் புரளவில்லை. எல்லாம் சேர்ந்தே நகர்ந்ததால் ஒன்றுக்கும் இன்னொன்றுக்கும் உள்ள தூரம் சரியாக இருந்தது. வரி வாங்கவும் தண்டவாளம் போடவும் படையனுப்பவும் அது போதும். அப்படியென்றால் கும்பினியின் வரைபடம் இந்த மண்ணைப் பார்த்து எழுதியதா, மண் அந்தப் படத்துக்குள் குடியேறிவிட்டதா? உண்மையான இடத்தில் இல்லாத ஒரு நாட்டை அவர்களால் ஆள முடிந்தது. மாயக்கதைக்காரர்கள் இதை இரு உலகங்கள் ஒன்றன்மேல் ஒன்று படிந்து நாலு கிலோமீட்டர் விலகி மிதப்பதாக எழுதுவார்கள். அரசாங்கத்தார் அச்சிட்ட தாளின் ஓரத்தில் சின்ன எழுத்தில், தீர்க்கரேகைக்கு இவ்வளவு கழித்துக்கொள்ளவும் என்று ஒரு குறிப்புப் போட்டார்கள். அந்தத் தாளை நாம் வெகுகாலம் வாங்க முடியாமல் இருந்தது என்பது வேறு. கடலோரத்தின் விவரமான சர்வே தாள்கள் 2005-இல் புதிய வரைபடக் கொள்கை வரும்வரை கட்டுப்பாட்டில் இருந்தவை. ராயபுரத்துக்காரர் தன் தெரு இருக்கிற தாளைக் காசு கொடுத்துக் கேட்டாலும் காரணம் சொல்ல வேண்டியிருந்தது. 2021 பிப்ரவரியில் பூட்டு பெரிதும் திறந்தது. அதற்குள் கையளவு கண்ணாடியில் வேறு ஒரு கம்பெனி எல்லாத் தெருவையும் இனாமாகக் காட்டத் தொடங்கியிருந்தது. இனாமாகத் தருகிறவன் என்ன எடுத்துக்கொள்கிறான் என்று யோசிப்பதற்குள் பழகிவிட்டோம்.

எல்லோருக்கும் ஒரே அளவில் நகர்ந்தால் வழுக்கல் வலிக்காது. சிலருக்கு மட்டும் நகர்ந்தால்? 1971-இல் குடிசைப் பகுதிச் சட்டம் வந்தபோது சென்னையில் 1,202 குடிசைப் பகுதிகள் பட்டியலுக்குள் வந்தன. 1985-இல் இன்னும் 17. அதற்குப் பிறகு பட்டியல் நீளவேயில்லை. கால்வாய்க் கரையில் 1986-இல் ஓலை வேய்ந்தவரின் குடிசைக்குக் கதவெண் இருக்கலாம், குடும்ப அட்டை இருக்கலாம், தேர்தலுக்குத் தேர்தல் ஆள் வந்து கும்பிட்டுவிட்டுப் போகலாம்; சட்டம் சொல்கிற குடிசைப் பகுதி என்ற உலகத்தில் அவர் இல்லை. நீர்நிலை என்கிற இன்னொரு படத்தில் ஆக்கிரமிப்பாக மட்டும் அவருக்கு இடம். அந்த நீலப் பட்டையின் ஓரத்தில் அவர் வீட்டுக்குத் தனியாக நிறம் கிடையாது. 2019 இறுதியில் தீவுத்திடலை ஒட்டிய கூவக்கரையில் சத்தியவாணி முத்து நகர் வீடுகளை இடித்து, மழையும் அரையாண்டுத் தேர்வுமாக இருந்த மாதத்தில், பெரும்பாலானவர்களைப் பெரும்பாக்கத்துக்கு அனுப்பினார்கள். இருபது கிலோமீட்டருக்கு மேல். லாம்டன் குன்றை நோக்கிச் சங்கிலி நீட்டிய திசையிலேயே, வரிசை வரிசையாக, எண்ணிட்ட மாடிக் கட்டடங்கள். தற்செயல்தான், இதில் மர்மம் தேடுகிறவர்களை எனக்குப் பிடிக்காது. ஆனாலும் நாட்டை அளக்கப் போட்ட முதல் கோடு எங்கே போய் முடிந்ததோ அந்தப் பெயருள்ள இடத்துக்கே, எந்தக் கோட்டுக்குள்ளும் அடங்காதவர்களை ஏற்றி இறக்கியிருக்கிறோம் என்பதை எழுதாமல் விடவும் கை வரவில்லை.

கால்வாயோடு வடக்கே போனால் எண்ணூர். அங்கே நடந்ததற்கு நிலாவையும் வியாழனையும் குற்றம் சொல்ல முடியாது. கொசஸ்தலை ஆறும் பக்கிங்காம் கால்வாயும் கடலும் சேர்கிற கழிமுகம். ஓதம் ஏறி இறங்கும் சேறு, இறால், நண்டு, அலையாத்தி. 1996-இல் ஒன்றிய அரசு ஒப்புதல் கொடுத்த கடலோர மண்டலப் படத்தில் அது கட்டடம் எழும்பக் கூடாத நீர்ப்பரப்பு. 2017-இல் தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்டு வாங்கிய தாள்களைக் காட்டி மீனவர்களும் சூழல் செயற்பாட்டாளர்களும் கேட்டது இதுதான்: மாநில அதிகாரிகள் பின்னர் எடுத்து நீட்டுகிற இன்னொரு படத்தில் இந்தக் கழிமுகத்தின் பெரும்பகுதி எங்கே? ஆறு ஓடுகிறது, தாளில் இல்லை. தாளில் இல்லாத ஆற்றின் மேல் சாம்பலைக் கொட்டலாம், மண் நிரப்பலாம், கிடங்கு கட்டலாம். காட்டுக்குப்பத்துக்காரர் முழங்காலளவு சாம்பல் சேற்றில் நின்று வலையைத் தடவுவது எந்த உலகத்தில் என்று கேட்டால், அலுவலகத்தில் பதில் இருக்காது. பிறகு 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் மழையோடு மணலி சுத்திகரிப்பு ஆலைப் பக்கத்திலிருந்து எண்ணெய் கிளம்பியது. அது எந்தப் படத்தையும் பார்க்கவில்லை. பக்கிங்காம் கால்வாயில் இறங்கி, கொசஸ்தலையில் கலந்து, முகத்துவாரம்வரை போய், படகின் அடியிலும் வலையிலும் வீட்டுச் சுவரிலும் பூசிக்கொண்டது. கழிமுகம் எதுவரை இருக்கிறது என்பதை அந்தக் கறுப்புக் கோட்டைவிட நேர்மையாக எந்த சர்வேயும் வரைந்ததில்லை. மகிழ்ச்சியோடு சொல்லவில்லை. வேலையிழந்த ஆட்கள் குவளையில் எண்ணெய் அள்ளிய படங்களை நானும் எல்லோரையும்போல் செய்தித்தாளில்தான் பார்த்தேன்.

மீன்பிடிக்கிறவர்களிடம் வரைபடமே இல்லை என்று யாராவது நினைத்தால் அது வேறு வகைக் குருட்டுத்தனம். கரையில் நிமிர்ந்து நிற்பவை இரண்டை, முன்னே ஒன்று பின்னே ஒன்று, ஒரே நேரில் வரப் பார்த்துக்கொள்வது ஒரு கோடு. வேறொரு பக்கத்தில் இன்னும் இரண்டு, இன்னொரு கோடு. இரண்டும் வெட்டுகிற இடத்தில் அடியில் பாறை, பாறையில் மீன். கோபுரம், பனை, கலங்கரை விளக்கம், இந்தப் பக்கத்தில் அனல்மின் நிலையப் புகைபோக்கி என்று எது உயரமோ அது உதவும். லாம்டன் அரை டன் எடையுள்ள கருவியைத் தூக்கிக்கொண்டு செய்ததும் அடிப்படையில் இதேதான். வித்தியாசம், இந்தப் படம் தாளுக்கு வராது. சொல்லிக் கொடுத்தவர் போனால் பாறையும் போகும். இதைவிடச் சிக்கலான ஒன்று பழவேற்காட்டின் பாடு முறை. ஏரியில் இறால் வரும் நல்ல இடங்களுக்குப் பாடு என்று பெயர். அந்த இடத்தில் யார் வலை கட்டலாம் என்பது முறை வைத்துச் சுற்றிவரும். இன்று இவர், நாளை அவர். பங்காளிகளுக்குள் சீட்டும் உண்டு, சண்டையும் உண்டு, பஞ்சாயத்தும் உண்டு. யாருக்குப் பங்கு கிடையாது என்பதில் சாதியும் ஆணென்ற உரிமையும் உட்கார்ந்திருக்கின்றன. அதை நான் பொன்னுலகமாகக் காட்டப் போவதில்லை. ஆனால் இடத்துக்கு எல்லையோடு கிழமையும் உண்டு என்கிற ஒரு படத்தை எந்தக் கும்பினியால் வரைய முடியும்? நீரின் மேல் போட்ட கோடு செவ்வாய்க்கிழமை ஒருவருடையது, புதன்கிழமை இன்னொருவருடையது. அரசுத் தாளில் ஒரு புள்ளிக்கு ஒரு சொந்தக்காரர்தான். அது மாறினால் பத்திரப்பதிவு.

இப்போது மீனவர்கள் தாங்களே படம் கேட்கிறார்கள். கடலோர விதிகளின்படி ஊர்ப்படங்களில் மீனவர் குடியிருப்பு, படகு நிறுத்துமிடம், வலை பின்னுமிடம், மீன் காயவைக்கும் இடம் எல்லாம் குறிக்கப்பட வேண்டும். 2019 விதிகளுக்காகத் தமிழ்நாடு 2023-இல் வெளியிட்ட வரைவுப் படங்களில் அவை பல இடங்களில் இல்லை என்று கடலோர மாவட்டங்களின் கருத்துக் கேட்புக் கூட்டங்களில் தகராறு நடந்தது. அவற்றைத் தயாரிக்கிற தேசிய கடலோர மேலாண்மை மையம் இருப்பது அண்ணா பல்கலைக்கழக வளாகத்தில். 1794-இல் அநாதைப் பையன்களுக்குக் கோணம் அளக்கக் கற்றுத்தந்த பள்ளிக்கூடம் வளர்ந்து நிற்பதும் அதே வளாகம்தான். மீனவர் கேட்பது நியாயம். தாளில் இல்லாவிட்டால் என்ன ஆகும் என்று எண்ணூர் காட்டிவிட்டபின், தாளே வேண்டாம் என்று கரையில் உட்கார்ந்து தத்துவம் பேச எனக்கு என்ன உரிமை? அவர்களில் இளையவர்கள் போனில் ஜிபிஎஸ்ஸை வைத்துக்கொண்டு கரையோரம் நடந்து, இது எங்கள் மணல், இது எங்கள் களம் என்று தாங்களே புள்ளி குத்தத் தொடங்கியிருக்கிறார்கள். களத்துக்கு ஒரு நிறம் கொடுத்துவிடலாம். படகுத்துறைக்கும் கொடுக்கலாம். பாடு என்ற இடத்துக்கு எந்த நிறம் என்று வரும்போது என்ன செய்வார்கள்? ஒரே இடத்தில் ஏழு பெயர் எழுத விண்ணப்பத்தில் கட்டம் இல்லை. ஒரு பெயரை எழுதினால் மற்ற ஆறு பேரும் அந்த வாரமே வக்கீலைத் தேடுவார்கள். காலியாக விட்டால் அது நீலமாகத்தான் அச்சாகும், நீலம் காலி இடம் என்று அடுத்த திட்ட அறிக்கையில் யாராவது எழுதுவார்கள். இரண்டில் எது தேவலை என்று கேட்டால், பெயரை எழுதிவிட்டு உள்ளுக்குள் சண்டை போடுவதுதான் என்று இன்றைக்குத் தோன்றுகிறது. சண்டை போட ஆறாவது மிஞ்சும்.